கத்தி எடுக்காமல் அடிமை விலங்கை உடைக்க முடியுமா?

(வரலாறு அறிவோம் பகுதி)

 

இந்த மாதச் சுவர் இதழில் 'வரலாறு அறிவோம்' பகுதியை எழுதும் வாய்ப்பு எனக்குக் கிடைத்திருக்கிறது. கொஞ்சம் நீளமாத்தான் இருக்கும். இன்டர்வெல்லில் பாதி, சாப்பாட்டு மணிக்குப் பிறகு மீதின்னு நின்னு படிச்சிடுங்க.

இந்தக் கட்டுரை எப்படி வந்தது என்று முதலில் சொல்லிவிடுகிறேன். சமூக அறிவியல் பாடத்தில் ஆபிரகாம் லிங்கன் பற்றி டீச்சர் நடத்திக்கொண்டிருந்தார்கள். அடிமை முறையை ஒழித்த அமெரிக்க உள்நாட்டுப் போர் பற்றிச் சொன்னார்கள். நான் எழுந்து, "டீச்சர், அந்த நாட்டுல சண்டையே வேண்டாம்னு சொன்னவங்க யாரும் இல்லையா?" என்று கேட்டேன். "இருந்தாங்க. குவேக்கர்கள்னு பேரு. அடிமை முறையும் கூடாது, போரும் கூடாதுன்னு சொன்னவங்க. நீதான் கேட்டே, நீயே படிச்சு எழுதிட்டு வா" என்று டீச்சர் சொல்லிவிட்டார்கள்.

என் பக்கத்தில் உட்காரும் தோழி என் காதுக்குள்ளே, "ரெண்டும் கூடாதுன்னா எப்படிடீ? சண்டை போடாம எந்த முதலாளி அடிமையை விட்டுடுவான்? பயந்தாங்கொள்ளிங்களா இருக்கும்" என்றாள். நானும் சிரிச்சுட்டேன். படிக்க ஆரம்பித்த பிறகு எனக்குச் சிரிப்பு வரவில்லை.

யார் இந்தக் குவேக்கர்கள்?

1640-களில் இங்கிலாந்தில் ராஜாவுக்கும் பாராளுமன்றத்துக்கும் பெரிய உள்நாட்டுப் போர் நடந்தது. அந்தக் குழப்பமான காலத்தில் ஜார்ஜ் ஃபாக்ஸ் (1624–1691) என்ற இளைஞர் ஊர் ஊராகப் போய்ப் பேசினார். கடவுளின் ஒளி ஒவ்வொரு மனிதருக்குள்ளும் இருக்கிறது, அதைக் கேட்க நடுவில் பாதிரியார் தேவையில்லை என்பதுதான் அவர் சொன்னதன் சாரம். அவரோடு சேர்ந்தவர்கள் தங்களை 'நண்பர்கள்' என்று அழைத்துக்கொண்டார்கள். அவர்களுடைய கூட்டத்தில் பூசை கிடையாது, பாட்டு கிடையாது. எல்லோரும் அமைதியாக உட்கார்ந்திருப்பார்கள். யாருக்கு உள்ளே ஏதாவது தோன்றுகிறதோ அவர் எழுந்து பேசலாம். ஆண் பெண் வித்தியாசம் இல்லை.

'குவேக்கர்' என்றால் நடுங்குகிறவர் என்று அர்த்தம். 1650-ல் ஃபாக்ஸ் ஒரு நீதிபதி முன்னால் நின்றபோது, கடவுளின் வார்த்தையைக் கேட்டு நடுங்குங்கள் என்று சொன்னாராம். அந்த நீதிபதி கேலியாக வைத்த பெயர் இது. கேலிப் பெயரே கடைசியில் நிலைத்துவிட்டது. (நம்ம வகுப்பிலும் சிலருக்கு இப்படித்தான்!)

எல்லோருக்குள்ளும் ஒளி இருக்கிறதென்றால் எல்லோரும் சமம்தானே? அதனால் அவர்கள் பெரிய மனிதர்களைக் கண்டால் தொப்பியைக் கழற்ற மாட்டார்கள். நம் தமிழில் 'நீ', 'நீங்கள்' இருக்கிற மாதிரி அந்தக் கால ஆங்கிலத்திலும் இரண்டு சொற்கள் இருந்தன. பெரிய இடத்து ஆட்களுக்கு மரியாதைச் சொல், சாதாரண ஆட்களுக்கு மற்றச் சொல். குவேக்கர்களோ நீதிபதியாக இருந்தாலும், பிரபுவாக இருந்தாலும் 'நீ' என்றுதான் பேசினார்கள். இதுக்காகவே நிறையப் பேர் அடி வாங்கினார்கள், சிறைக்குப் போனார்கள்.

இந்த ஒரே நம்பிக்கையிலிருந்து இரண்டு முடிவுகள் வரும். இதைக் கவனமாகப் படிங்க, கட்டுரை முழுவதும் இதுதான்.

ஒன்று: ஒளி உள்ள மனிதரைக் கொல்லக் கூடாது. அதனால் போர் கூடாது.

இரண்டு: ஒளி உள்ள மனிதரை விலைக்கு வாங்கக் கூடாது. அதனால் அடிமை முறை கூடாது.

முதல் முடிவுக்குச் சீக்கிரம் வந்துவிட்டார்கள். ஃபாக்ஸ் சிறையில் இருந்தபோது, 1651-ல், படையில் அதிகாரி பதவி தருகிறோம், வெளியே வா என்று கூப்பிட்டார்கள். அவர் மறுத்துச் சிறையிலேயே இருந்தார். 1661-ல் இங்கிலாந்து அரசர் இரண்டாம் சார்லஸுக்கு, எந்தக் காரணத்துக்காகவும் நாங்கள் ஆயுதம் எடுக்க மாட்டோம் என்று எழுதியே கொடுத்தார்கள்.

ஆனால் இரண்டாவது முடிவு? அங்கேதான் எனக்கு அதிர்ச்சி.

அவர்கள் வீட்டிலேயே அடிமைகள்!

1681-ல் வில்லியம் பென் என்ற குவேக்கருக்கு அமெரிக்காவில் பெரிய நிலப்பகுதி கிடைத்தது. அதுதான் பென்சில்வேனியா. அங்கே குடியேறிய குவேக்கர்களில் பலர் ஆப்பிரிக்காவிலிருந்து பிடித்து வரப்பட்ட மக்களை அடிமைகளாக வைத்திருந்தார்கள். வில்லியம் பென்னே வைத்திருந்தார். துப்பாக்கியைத் தொட மாட்டேன் என்றவர்கள் மனிதரை விலை பேசினார்கள்!

1688-ல் பென்சில்வேனியாவில் ஜெர்மன்டவுன் என்ற ஊரில் நான்கு பேர் ஒரு மனு எழுதிக் கையெழுத்துப் போட்டார்கள். பாஸ்டோரியஸ் என்பவர் அதில் ஒருவர். உனக்கு மற்றவர்கள் என்ன செய்ய வேண்டும் என்று நினைக்கிறாயோ அதையே நீயும் அவர்களுக்குச் செய், தோல் நிறம் எதுவாக இருந்தால் என்ன, என்று அதில் கேட்டிருந்தார்கள். இன்னொரு கேள்வியும் இருந்தது. அதுதான் எனக்கு ரொம்பப் பிடித்தது. இந்த அடிமைகள் ஒருநாள் ஒன்று சேர்ந்து விடுதலைக்காக எழுந்தால் நீங்கள் என்ன செய்வீர்கள்? போர் கூடாது என்று சொல்லும் நீங்கள் கத்தியைக் கையில் எடுப்பீர்களா?

யோசிச்சுப் பாருங்க. ஒருத்தரை அடிமையாக வைத்திருக்கணும்னா சாட்டை வேணும், சங்கிலி வேணும், ஓடினால் பிடிக்க ஆள் வேணும். அப்படின்னா அடிமை வைத்திருப்பதே தினம் தினம் நடக்கிற ஒரு போர்தான். போர் கூடாது என்பதும் அடிமை கூடாது என்பதும் ஒரே வேரிலிருந்து வருகிற இரண்டு கிளைகள். இதை அந்த நான்கு பேர் அன்றைக்கே கண்டுபிடித்துவிட்டார்கள்.

அந்த மனு என்ன ஆச்சு? இது எங்களால் முடிவு செய்ய முடியாத பெரிய விஷயம் என்று ஒரு கூட்டம் மேல்கூட்டத்துக்கு அனுப்பியது. அது இன்னும் மேலே அனுப்பியது. அங்கே மனுவை ஓரமாக வைத்துவிட்டார்கள்.

நான்கு அடி மனிதர் செய்த காரியம்

பெஞ்சமின் லே என்று ஒருவர். நான்கு அடிக்குக் கொஞ்சம்தான் அதிக உயரம், முதுகு கூன். பார்படோஸ் தீவில் கரும்புத் தோட்ட அடிமைகள் பட்ட கொடுமையை நேரில் பார்த்தவர். பென்சில்வேனியாவுக்கு வந்தால் தன் சொந்தக் கூட்டத்துப் பெரியவர்களே அடிமை வைத்திருக்கிறார்கள்!

1738-ல் குவேக்கர்களின் ஆண்டுக் கூட்டம் நடந்தது. லே பெரிய அங்கியைப் போர்த்திக்கொண்டு வந்தார். உள்ளே படைவீரர் உடையும் வாளும் இருந்தன. கையில் ஒரு புத்தகம். அதன் உள்பக்கத்தைக் குடைந்து, சிவப்புப் பழச்சாறு நிரப்பிய பையை முன்பே ஒளித்து வைத்திருந்தார். கூட்டத்தின் நடுவில் எழுந்து அங்கியைக் கழற்றி எறிந்தார். அடிமை வைத்திருப்பது ஒரு மனிதரின் நெஞ்சில் வாளைச் செருகுவதற்குச் சமம் என்று சொல்லி, அந்தப் புத்தகத்தை வாளால் குத்தினார். பழச்சாறு ரத்தம் மாதிரி பக்கத்தில் இருந்தவர்கள் மேல் தெறித்தது. அவரைத் தூக்கிக்கொண்டு போய் வெளியே விட்டார்கள். தங்கள் சங்கத்திலிருந்தும் விலக்கிவிட்டார்கள். ஆனாலும் அவர் விடவில்லை. குகை வீட்டில் இருந்துகொண்டு, தன் துணியைத் தானே நூற்று, அடிமை உழைப்பில் வந்த எதையும் தொடாமல் வாழ்ந்தார்.

ஒரு கடைக் கணக்குப்பிள்ளையின் கை

ஜான் உல்மன் (1720–1772) லே மாதிரி இல்லை. ரொம்ப அமைதியானவர். நியூ ஜெர்சியில் ஒரு கடையில் வேலை பார்த்தார். 1742 வாக்கில் ஒருநாள் முதலாளி அவரைக் கூப்பிட்டு, "நான் என்னிடம் இருக்கிற கறுப்பினப் பெண்ணை விற்றுவிட்டேன், விற்பனைச் சீட்டு எழுது" என்றார். வாங்குகிறவர் வெளியில் காத்திருக்கிறார். உல்மனுக்கு மனசு கேட்கவில்லை. ஆனாலும் முதலாளி சொல்கிறார், வாங்குகிறவரும் வயதான ஒரு குவேக்கர்தானே என்று எழுதிக் கொடுத்துவிட்டார். எழுதும்போதே இது சரியில்லை என்று இருவரிடமும் சொன்னார். ஆனால் சீட்டை எழுதியது அவர் கைதான்.

அந்தக் குற்ற உணர்ச்சி அவரை விடவே இல்லை என்று அவருடைய நாட்குறிப்பில் இருக்கிறது. அடுத்த முறை இன்னொருவர் அதேபோல் கேட்டபோது எழுத மறுத்துவிட்டார். பிறகு ஊர் ஊராகக் குவேக்கர்கள் வீட்டுக்கே போய்ப் பேசினார். திட்ட மாட்டார், சத்தம் போட மாட்டார். அடிமைகள் வேலை செய்யும் வீட்டில் தங்க நேர்ந்தால், அந்த அடிமைகளுக்குக் கூலி கொடுத்துவிட்டு வருவார். சாயம் போட்ட துணி உடுத்துவதை விட்டார், சர்க்கரையை விட்டார். போருக்கு வரி கேட்டபோது அதையும் கட்ட மறுத்தார்.

இந்த இடம் வந்ததும் நான் புத்தகத்தைக் கொஞ்ச நேரம் மூடி வைத்துவிட்டேன். ஏன் என்று கடைசியில் சொல்கிறேன்.

அதே காலத்தில் பிலடெல்பியா நகரில் அந்தோணி பெனசெட் என்ற ஆசிரியர் இரவு நேரத்தில் தன் வீட்டிலேயே கறுப்பினக் குழந்தைகளுக்குப் பாடம் சொல்லிக் கொடுத்தார். இவர்கள் அறிவில் யாருக்கும் குறைந்தவர்கள் இல்லை என்று எழுதினார்.

கடைசியில், 1758-ல், அடிமைகளை வாங்கி விற்பவர்களைக் கண்டிப்பது என்று பிலடெல்பியா ஆண்டுக் கூட்டம் முடிவு செய்தது. அந்தச் செய்தி முதுமையில் இருந்த பெஞ்சமின் லேயின் காதுக்குப் போனது. இனி நிம்மதியாகச் சாவேன் என்று சொன்னாராம். அடுத்த வருடம் இறந்துபோனார். 1776-ல், அடிமை வைத்திருப்பவர் எங்கள் சங்கத்தில் இருக்கவே முடியாது என்று விதி வந்தது.

கணக்குப் போட்டுப் பாருங்கள். 1688-ல் இருந்து 1776. எண்பத்தெட்டு வருடம்! நல்லவர்கள் என்று பெயர் எடுத்தவர்கள் தங்கள் வீட்டைச் சுத்தம் செய்யவே அவ்வளவு காலம் ஆகியிருக்கிறது.

சர்க்கரையை நிறுத்திய வீடுகள்

இனி இங்கிலாந்து. 1787-ல் லண்டனில் ஒரு அச்சகத்தில் 12 பேர் கூடி, அடிமை வியாபாரத்தை ஒழிக்க ஒரு குழு தொடங்கினார்கள். 12 பேரில் 9 பேர் குவேக்கர்கள். துண்டுப் பிரசுரம் போட்டார்கள், கையெழுத்து வாங்கினார்கள், பாராளுமன்றத்துக்கு மனு மேல் மனு அனுப்பினார்கள். லட்சக்கணக்கான பேர் அடிமைகள் விளைவித்த சர்க்கரையை வாங்குவதையே நிறுத்தினார்கள். பெண்களுக்கு அப்போது ஓட்டு கிடையாது. ஆனால் சமையலறை அவர்கள் கையில் இருந்தது! எலிசபெத் ஹெய்ரிக் என்ற குவேக்கர் பெண் 1824-ல், கொஞ்சம் கொஞ்சமாக இல்லை, உடனே ஒழிக்க வேண்டும் என்று தைரியமாக எழுதினார். அந்தக் காலத்தில் இந்தியாவிலிருந்து போன சர்க்கரையை, இது அடிமைகள் செய்தது இல்லை என்று கிண்ணத்தின் மேலேயே எழுதி வைத்தார்களாம்.

1807-ல் பிரிட்டன் அடிமை வியாபாரத்தைத் தடை செய்தது. 1833-ல் தன் காலனிகளில் பெரும்பாலானவற்றில் அடிமை முறையை ஒழிக்கச் சட்டம் போட்டது. ஆனால் இதை ரொம்பப் புகழவும் முடியாது. 1831-ல் ஜமைக்காவில் அடிமைகளே பெரிய அளவில் எழுந்ததும் அந்தச் சட்டம் வரக் காரணம். இன்னொன்று, நஷ்ட ஈடாக 2 கோடி பவுண்டு கொடுத்தார்கள். யாருக்கு? அடிமைகளுக்கு இல்லை, முதலாளிகளுக்கு!

போர் வந்தே விட்டது

அமெரிக்காவில் மனு எடுபடவில்லை. தெற்கு மாநிலங்களில் பருத்தித் தோட்டம் பெருகப் பெருக அடிமைகளும் பெருகினார்கள். தப்பி ஓடியவர்களுக்குக் குவேக்கர்கள் பலர் வீட்டில் இடம் கொடுத்தார்கள். இந்தியானாவில் லெவி காஃபின், கேத்தரின் காஃபின் என்ற குவேக்கர் தம்பதி வீட்டில் மட்டும் ஆயிரத்துக்கும் மேற்பட்டவர்கள் ஒளிந்து தங்கிப் போனார்கள். மாடி அறையில் கட்டிலுக்குப் பின்னால் சின்னக் கதவு, அதற்குள் ஒளியும் இடம். 1850-ல் வந்த சட்டப்படி இப்படி உதவினால் 1,000 டாலர் அபராதமும் 6 மாதம் சிறையும். அப்படியும் நிறையப் பேர் உதவுவதை நிறுத்தவில்லை.

1861-ல் உள்நாட்டுப் போர். இப்போதுதான் என் தோழி கேட்ட கேள்வி குவேக்கர்கள் வீட்டு வாசலில் வந்து நின்றது. போருக்குப் போனால், கொல்லக் கூடாது என்பது போச்சு. போகாவிட்டால், அடிமைகளை விடுவிக்கும் படைக்கு உதவாமல் நிற்கிறோம். என்ன செய்வது?

எல்லோரும் ஒரே முடிவு எடுக்கவில்லை. குவேக்கர் இளைஞர்கள் பலர் துப்பாக்கி எடுத்துக்கொண்டு லிங்கன் படையில் சேர்ந்தார்கள். பலர் மறுத்தார்கள்.

வெர்மான்டில் சைரஸ் பிரிங்கிள் என்று ஒரு இளைஞர், வயது 25. 1863-ல் படைக்கு வரச் சொல்லிச் சீட்டு வந்தது. 300 டாலர் கட்டினால் போகவேண்டியதில்லை. அவர் மாமா கட்டுகிறேன் என்று சொன்னார். பிரிங்கிள் ஒத்துக்கொள்ளவில்லை. நான் செய்யக் கூடாது என்று நினைக்கிற பாவத்தை, காசு கொடுத்து வேறொருவனைச் செய்ய வைக்கலாமா என்பது அவர் எண்ணம். முகாமுக்கு இழுத்துப் போனார்கள். துப்பாக்கியைத் துடைக்க மறுத்ததால், தரையில் நான்கு முளை அடித்துக் கை கால்களை விரித்துக் கட்டிப் போட்டார்கள். அப்போதும் அவர் மாறவில்லை. கடைசியில் லிங்கன் தலையிட்டு வீட்டுக்கு அனுப்பினார். பின்னாளில் இவர் பெரிய தாவரவியல் அறிஞராகி, மெக்சிகோவில் ஆயிரக்கணக்கான செடிகளைச் சேகரித்தார்.

லிங்கனுக்கும் இந்தச் சிக்கல் புரிந்திருந்தது. எலிசா கர்னி என்ற குவேக்கர் பெண்மணி 1862-ல் அவரைச் சந்தித்து அவருக்காகப் பிரார்த்தனை செய்தார். 1864-ல் லிங்கன் அவருக்குக் கடிதம் எழுதினார். போரையும் எதிர்க்கிறீர்கள், கொடுமையையும் எதிர்க்கிறீர்கள், ஆனால் இப்போது கொடுமையை எதிர்க்கப் போரைத் தவிர வழி இல்லாமல் போய்விட்டது, இது உங்களுக்குப் பெரிய சோதனை என்ற பொருளில் எழுதியிருந்தார். அதே வருடம் ஒரு சட்டம் வந்தது. மனச்சாட்சி காரணமாகச் சண்டை போடாதவர்கள் மருத்துவமனையில் வேலை பார்க்கலாம், அல்லது விடுதலையான மக்களுக்கு உதவலாம்.

போரில் ஆறு லட்சம் பேருக்கு மேல் இறந்தார்கள். சுமார் 40 லட்சம் அடிமைகள் விடுதலை ஆனார்கள். லிங்கன் படையில் சுமார் 1,80,000 கறுப்பின வீரர்கள் போராடினார்கள் என்பதையும் மறக்கக் கூடாது. தங்கள் விடுதலைக்கு அவர்களே ரத்தம் சிந்தியிருக்கிறார்கள். துப்பாக்கி எடுக்காத குவேக்கர்களில் பலர் தெற்கே போய் விடுதலையானவர்களுக்குப் பள்ளிக்கூடம் தொடங்கினார்கள். பிற்காலத்தில் இரண்டு உலகப் போர்களிலும் காயம்பட்டவர்களுக்கும் பசித்தவர்களுக்கும் குவேக்கர்கள் தொண்டு செய்தார்கள். 1947-ல் அவர்களுடைய இரண்டு அமைப்புகளுக்கு அமைதிக்கான நோபல் பரிசு கிடைத்தது.

ஒரு பெஞ்ச்

இவ்வளவு நல்லது செய்தவர்கள் கூட்டத்திலும் ஒரு குறை இருந்தது. பிலடெல்பியாவில் சாரா மேப்ஸ் டக்ளஸ் (1806–1882) என்ற கறுப்பின ஆசிரியை இருந்தார். அவர் அம்மாவோடு குவேக்கர் கூட்டத்துக்குப் போனால் அவர்களுக்குத் தனி பெஞ்ச். பக்கத்தில் யாரும் உட்கார மாட்டார்கள். அடிமையாக வைக்கக் கூடாது என்று ஒத்துக்கொண்டவர்களுக்கும் பக்கத்தில் உட்கார மனசு வரவில்லை. சாரா அதைத் துணிந்து எழுதினார். சட்டம் மாறுவது வேறு, பெஞ்ச் மாறுவது வேறு என்று இதைப் படித்ததும் எனக்குப் புரிந்தது.

நான் என்ன நினைக்கிறேன்?

தோழி கேட்ட கேள்விக்கு வருகிறேன். அவள் சொன்னதில் பாதி சரி. அமெரிக்காவில் 40 லட்சம் பேரின் விலங்கு உடைந்தது போரில்தான். அவர்களைப் பார்த்து, "பொறுங்க, மனு கொடுத்துக்கிட்டே இருப்போம்" என்று சொல்ல எனக்கு வாய் வராது.

ஆனால் 'பயந்தாங்கொள்ளி' என்பது தப்பு. முளையில் கட்டிப் போட்ட பிறகும் மாட்டேன் என்று சொல்ல எவ்வளவு தைரியம் வேணும்! அதைவிட முக்கியம், போருக்கு முன்னால் இருந்த காலம். 1688-லேயே அந்த மனுவை ஓரமாக வைக்காமல் எல்லோரும் கேட்டிருந்தால்? போர் வேண்டாம் என்று போர் வந்த பிறகு சொல்வது கஷ்டம். போரை உண்டாக்குகிற அநியாயத்தை, அது சின்னதாக இருக்கும்போதே, நம் கையால் செய்ய மறுக்க வேண்டும். உல்மனிடம் நான் கற்றுக்கொண்டது இதைத்தான்.

புத்தகத்தை ஏன் மூடினேன் என்று சொல்கிறேன் என்றேனே. போன வருடம் நான் வகுப்புத் தலைவி. வகுப்பில் பேசுகிறவர்கள் பெயரைக் கரும்பலகையில் எழுதுவது என் வேலை. என் கையெழுத்து நல்லா இருக்கும் என்பதால் எனக்கு அதில் பெருமை. ஒருநாள் பின்பெஞ்சில் இருந்த ஒருத்தி வாயே திறக்கவில்லை. ஆனால் நாலைந்து பேர் சேர்ந்து, "அவ பேரை எழுது, எழுது" என்றார்கள். நான் எழுதிட்டேன். அவள் இரண்டு பீரியட் வெளியே நின்றாள். எல்லாரும் சொன்னாங்க, நான் எழுதினேன், என் தப்பு இல்லைன்னு அன்றைக்கு நினைத்தேன். ஆனால் எழுதியது என் கைதான்.

இந்தக் கட்டுரையைச் சார்ட்டில் எழுதும் முன் அவளிடம் போய்ப் படித்துக் காட்டினேன். கடைசிப் பத்தி வரும்போது என் குரல் நடுங்கியது. அவள் கொஞ்ச நேரம் பேசாமல் இருந்துவிட்டு, "சரி, இதையும் எழுது" என்றாள். அதனால் எழுதிவிட்டேன்.

யோசிக்க மூன்று கேள்விகள்

1. நீங்கள் 1863-ல் பிரிங்கிள் இடத்தில் இருந்தால் போருக்குப் போயிருப்பீர்களா? ஏன்?

2. பெஞ்சமின் லே மாதிரி கூட்டத்தின் நடுவில் எழுந்து சத்தமாகச் சொல்வது நல்லதா, உல்மன் மாதிரி வீடு வீடாகப் போய்ப் பேசுவது நல்லதா?

3. நம் வகுப்பில் தனி பெஞ்ச் ஏதாவது இருக்கிறதா?

பதிலை ஒரு தாளில் எழுதிக் கேள்விப் பெட்டியில் போடுங்கள். பெயர் எழுதாவிட்டாலும் பரவாயில்லை. நல்ல பதில்களை அடுத்த மாத இதழில் நானே எழுதி ஒட்டுகிறேன். பிழை இருந்தால் பெரிய மனது பண்ணி மன்னிக்கவும்.



இப்படிக்கு,
ஒன்பதாம் வகுப்பு 'ஆ' பிரிவு மாணவி